அக்ரிப்பா விட்டுவிட்ட குடும்பப் பெயர்

கேள்வி: ரோமில் பாந்தியன் கோயிலின் முகப்பில் 'லூசியஸின் மகன் மார்க்கஸ் அக்ரிப்பா, மூன்றாம் முறை கான்சலாக இருந்தபோது கட்டினார்' என்று இருக்கிறது (கான்சல் என்றால் ரோமில் ஆண்டுதோறும் தேர்ந்தெடுக்கப்பட்ட உயர் பதவி). ரோமானியர்களுக்கு மூன்று பெயர் என்பார்களே, நடுவில் வரவேண்டிய குடும்பப் பெயர் எங்கே?

பதில்: சரியாகக் கவனித்திருக்கிறீர்கள். அந்தப் பெயர் விப்சானியஸ். நடுப்பெயர்தான் ஒருவர் எந்தக் குடும்பம் என்று சொல்வது, ஜூலியஸ் சீசரில் ஜூலியஸ் மாதிரி. கல்லில் அதற்கு இடமில்லாமல் போகவில்லை, அவரே அதை வைத்துக்கொள்ள விரும்பவில்லை. விப்சானியஸ் குடும்பம் ஒரு சின்ன பிளெபியன் குடும்பம். இவருக்கு முன்னால் அதிலிருந்து ஒருவர்கூட கான்சல் ஆனதில்லை. 'தாழ்ந்த இடத்தில் பிறந்தவர்' என்றே ரோமானிய வரலாற்றாசிரியர் டாசிட்டஸ் எழுதுகிறார். ஒரு வழக்கில் எதிர்த்து வாதாடியவர், இவர் பெயரைச் சொல்லும்போது 'மார்க்கஸ், அக்ரிப்பா, அப்புறம் நடுவில் இருக்கிற அது' என்கிற மாதிரி குத்திக் காட்டியதாக ரோமானிய எழுத்தாளர் மூத்த செனகா சொல்கிறார். கி.மு. 36இல் நௌலோகஸ், 31இல் ஆக்டியம் என்று இரண்டு பெரிய கடற்போர்களை, பின்னாளில் ரோமின் முதல் பேரரசரான ஆகஸ்டஸுக்கு வென்று கொடுத்த மனிதரையே இப்படிப் பேசியிருக்கிறார்கள் என்றால், பெயர் அங்கே எவ்வளவு கனமான விஷயம் என்று பாருங்கள்.

அவருடைய மூன்று மகன்களையும் பிற்பாடு ஆகஸ்டஸ் தத்தெடுத்துக்கொண்டதால் மூவரும் ஜூலியஸ் ஆகிவிட்டார்கள். குடும்பப் பெயரைத் தாங்கியவர்கள் பெண்கள்தான். ரோமில் மகளுக்குத் தந்தையின் குடும்பப் பெயரே பெண்பாலாக வரும், அதனால் எல்லா மகள்களும் விப்சானியா. ஆகஸ்டஸுக்குப் பின் பேரரசரான திபேரியஸ் மனமில்லாமல் விவாகரத்து செய்த மனைவியும் அதில் ஒருத்தி. அக்ரிப்பாவின் சகோதரி விப்சானியா போல்லா கட்டத் தொடங்கி ஆகஸ்டஸ் முடித்துவைத்த தூண் மண்டபத்துக்கும் விப்சானியா மண்டபம் என்றே பெயர். அக்ரிப்பா தொகுத்த உலக வரைபடம் அங்கேதான் இருந்தது. சகோதரன் விட்ட பெயரைச் சகோதரி ஊர் நடுவே நிறுத்தினாள் என்பது எனக்கு மிகவும் பிடித்த விஷயம்.

எனக்குக் கோபம் வருவது திபேரியஸுக்குப் பின் பேரரசரான காலிகுலா மீது. அக்ரிப்பாவின் மகள் வயிற்றுப் பேரன் அவன். ஆனால் தாத்தா எளிய குடும்பத்தில் வந்தவர் என்பதற்காக, தன்னை அவர் பேரன் என்று யாரும் சொல்லக்கூடாது என்றான். அதோடு நிற்காமல், ஆகஸ்டஸ் தன் சொந்த மகளிடம் (அவள்தான் அக்ரிப்பாவின் மனைவி) பெற்ற பிள்ளைதான் என் அம்மா என்றுகூடச் சொல்லித் திரிந்ததாக வரலாற்றாசிரியர் சுவெட்டோனியஸ் எழுதியிருக்கிறார். பெற்ற தாய்க்கு இதைவிடப் பெரிய அவமானம் என்ன இருக்கிறது?

கேள்வி: பிளெபியன் என்றால் ஏழையா?

பதில்: இல்லை. பழைய பட்ரீசியன் குலங்களில் சேராதவர்கள் எல்லோரும் பிளெபியன்தான். பெரும் பணக்காரரான கிராசஸும் பிளெபியன், பாம்பேயும் பிளெபியன். கி.மு. 367இலேயே கான்சல் பதவி அவர்களுக்குத் திறந்துவிட்டது. அக்ரிப்பா காலத்தில் கேட்ட கேள்வி வேறு: உன் முன்னோரில் யாராவது கான்சலாக இருந்தார்களா?

கேள்வி: பைபிளில் பவுல் நின்று பேசும் அகிரிப்பா ராஜா இவர்தானா?

பதில்: இல்லை, ஆனால் பெயர் இவருடையதுதான். யூதேயாவின் மகா ஏரோதும் அக்ரிப்பாவும் நெருங்கிய நண்பர்கள். ஏரோதின் பேரனுக்கு அந்தப் பெயரை வைத்தார்கள். பவுல் பேசியது அந்தப் பேரனுடைய மகன் முன்னால்.