வாசகர் கேள்வி: வாள்வீச்சு இல்லாத பழிவாங்கல்

கேள்வி: ஜப்பானிய இயக்குநர் கெஞ்சி மிசோகுச்சியின் ‘கென்ரோக்கு சூஷிங்குரா’ படம் பார்த்தேன். தலைவனுக்காகப் பழிதீர்க்கும் 47 ரோனின்களின் (தலைவனை இழந்த சாமுராய் வீரர்களின்) கதை என்றார்கள். அந்தத் தாக்குதலையே காணோமே? (மதுரை வாசகர் ஒருவர்)

பதில்: உங்களைப் போலவே ஏமாந்தவர்கள் அன்றைய ஜப்பானிலும் உண்டு; படம் வசூலில் தோற்றது.

ஆக்கோ என்ற பகுதியின் பிரபு அசானோ, 1701இல் எடோ (இன்றைய டோக்கியோ) கோட்டைக்குள் கிரா என்ற அதிகாரியை வெட்டிக் காயப்படுத்தியதற்காக, அன்றே வயிற்றைக் கிழித்து உயிர்விட வேண்டியதாயிற்று. அவருடைய வீரர்கள் ஓயிஷியின் தலைமையில் 1703 ஜனவரியில் கிராவின் மாளிகைக்குள் புகுந்து, அவர் தலையைக் கொய்து தலைவனின் கல்லறையில் வைத்தார்கள். 1748ஆம் ஆண்டின் பொம்மலாட்ட நாடகம், கபுகி மேடை நாடகம், ஷோசோ மகினோவின் மௌனப் படங்கள் என்று தலைமுறை தலைமுறையாகப் பார்த்துப் பழகிய கதை இது. மிசோகுச்சியோ சேய்கா மயாமாவின் நாடகங்களை எடுத்துக்கொண்டார். அவற்றில் சண்டையைவிட ஓயிஷியின் மனப் போராட்டமே பெரிது. அசானோவின் தம்பியை வாரிசாக ஏற்றுக் குடும்பத்தை மீட்டுத்தரும்படி ஓயிஷி அரசிடம் மனுச் செய்திருக்கிறார். மனு ஏற்கப்பட்டால் வாளெடுக்க நியாயமில்லாமல் போய்விடும், ஆனால் மனுச் செய்வதும் அவர் கடமையே. விசுவாசமும் வஞ்சமும் ஒன்றுக்கொன்று குறுக்கே நிற்கும் இந்த இக்கட்டுதான், என் பார்வையில், படத்தின் உயிர். தாக்குதல் நடந்த செய்தியை அசானோவின் விதவைக்கு ஒரு கடிதமாக வாசித்துக் காட்டுகிறார்கள். நாமும் அவரோடு உட்கார்ந்து கேட்கிறோம். கோட்டையின் நீண்ட தாழ்வாரத்தை முழு அளவில் கட்டியெழுப்பி, முதல் காட்சியிலேயே அசானோ வாளை உருவுவதைக் காட்டியவர், உச்சக்கட்டத்தை மட்டும் மறைத்தது வேண்டுமென்றே செய்ததுதான். (ஏறத்தாழ நான்கு மணி நேரம் பொறுமையாக உட்கார வேண்டும் என்பதையும் ஒப்புக்கொள்கிறேன்.)

கேள்வி: போர்க்காலத்து அரசு இதை எப்படி ஏற்றது?

பதில்: தலைவனுக்காக உயிர்விடும் கதை அரசுக்கு உவப்பானதுதான். முதல் பாகம் வெளியானது 1941 டிசம்பர் 1. பேர்ல் துறைமுகத் தாக்குதலுக்கு ஒரு வாரம் முன்பு. போரில் தோற்ற ஜப்பானில், 1945 நவம்பரில் அமெரிக்க ஆக்கிரமிப்பு நிர்வாகம் படங்களில் தடைசெய்த 13 பொருள்களில், பழிவாங்கலை நியாயப்படுத்துவதும் நிலவுடைமைக்கால விசுவாசத்தைப் போற்றுவதும் இருந்தன.