சம்மரி சூட்: ஒத்துக்கொள்ளும் கடனை மறுக்கலாமா?

கேள்வி: திருப்பூரில் பனியன் யூனிட் நடத்துகிறேன். நூல் வியாபாரி ஒருவர் இன்வாய்ஸ்களைக் காட்டி, 14 லட்சம் ரூபாய் கேட்டு, வணிக நீதிமன்றத்தில் சம்மரி சூட் (ஆவணங்களை வைத்து முழு விசாரணையின்றிச் சீக்கிரம் முடிக்கும் சுருக்கமுறை வழக்கு) போட்டிருக்கிறார். 9 லட்சம் நான் தர வேண்டியதுதான். மீதி 5 லட்சத்துக்கு வந்த நூலில் ஓட்டிய துணி, சாயம் போட்டதும் கோடு கோடாகிவிட்டது. அப்போதே வாட்ஸ்அப்பில் சொன்னேன், அந்தத் தொகையைக் கழித்து டெபிட் நோட்டும் அனுப்பினேன். முந்தாநாள் சம்மன் வந்தது. எல்லாவற்றையும் மறுத்து எதிருரை போட்டுவிடு என்கிறார் நண்பர். போடலாமா?

பதில்: வேண்டாம். சாதாரண வழக்குக்குத்தான் அந்த யோசனை பொருந்தும். இது உரிமையியல் விசாரணை முறைச் சட்டம், கட்டளை 37-இன் கீழ் வந்த வழக்கு. இதில் அனுமதி வாங்காமல் நீங்கள் எதிர்வாதமே செய்ய முடியாது.

சம்மன் கிடைத்த 10 நாளுக்குள் வக்கீல் மூலம் ஆஜராகி, நோட்டீஸ் பெறும் முகவரியைத் தாக்கல் செய்யுங்கள். அதன்பின் வாதி 'தீர்ப்புக்கான சம்மன்' அனுப்புவார். அது வந்ததிலிருந்து இன்னொரு 10 நாளுக்குள், எதிர்வழக்காட அனுமதி கேட்டுப் பிரமாணப் பத்திரத்தோடு மனு போட வேண்டும். தக்க காரணம் இருந்தால் தாமதத்தை மன்னிக்க விதி 3(7) இடம் தருகிறது. அதை நம்பிச் சும்மா இருந்துவிடாதீர்கள். மனு போடாவிட்டால் வாதிக்கு உடனே தீர்ப்பு கிடைத்துவிடும். அதை ரத்து செய்ய, விதி 4-இன்படி 'சிறப்புச் சூழ்நிலை' காட்ட வேண்டும். அது லேசில் நடக்காது.

உங்கள் வழக்கின் உயிரே அந்தப் பிரமாணப் பத்திரம்தான். 2016-இல் ஐடிபிஐ டிரஸ்டிஷிப் எதிர் ஹப்டவுன் வழக்கில் எப்போது அனுமதி தரலாம் என்பதை உச்ச நீதிமன்றம் படிப்படியாக வகுத்தது. வலுவான எதிர்வாதம் இருந்தால் நிபந்தனையின்றி அனுமதி. அதன் நேர்மையில் சந்தேகம் வந்தால் பணம் கட்டச் சொல்லியோ வேறு நிபந்தனை விதித்தோ அனுமதி. வெறும் கதை என்றால் அனுமதியே இல்லை. அனுமதி தருவதுதான் பொது வழக்கம், மறுப்பது விதிவிலக்கு என்று 2022-இல் பி.எல். காஷ்யப் வழக்கிலும் சொன்னது.

9 லட்சத்தையும் மறுத்தால் என்ன ஆகும்? உங்கள் இன்வாய்ஸ், ஜிஎஸ்டி கணக்கு, பழைய மெசேஜ் எல்லாம் உங்களையே பொய்யராக்கும். அந்தச் சந்தேகம் நியாயமான 5 லட்சத்தின் மேலும் விழும். ஆகவே 9 லட்சத்தை ஒத்துக்கொள்ளுங்கள். ஒத்துக்கொண்ட தொகையை நீதிமன்றத்தில் கட்டினால்தான் அனுமதி என்று சட்டமே சொல்வதால், பணத்துக்கு இப்போதே ஏற்பாடு செய்யுங்கள். மீதிக்கு எந்த இன்வாய்ஸ், எந்த லாட், என்று புகார் சொன்னீர்கள், டையிங் யூனிட் என்ன எழுதிக் கொடுத்தது என்பதைத் தேதிவாரியாக எழுதி ஆவணங்களை இணையுங்கள். "நூல் சரியில்லை" என்ற ஒற்றை வரி எடுபடாது.

வாதியின் பிராதில், அதாவது வழக்கு மனுவில், இன்னொன்றையும் பாருங்கள். அவசர நிவாரணம் கேட்காத வணிக வழக்கில், வணிக நீதிமன்றங்கள் சட்டம் 12ஏ பிரிவின்படி முதலில் சமரசத்துக்குப் போவது கட்டாயம். போகவில்லையென்றால் பிராதையே நிராகரிக்கக் கேட்கலாம். அந்தச் சமரசத்துக்கு அழைத்து சட்டப் பணிகள் ஆணைக்குழு நோட்டீஸ் வந்து நீங்கள்தான் போகாமல் இருந்தீர்கள் என்றால், இந்த வாதம் உங்களுக்கு இல்லை.

வாட்ஸ்அப் மெசேஜ் எதையும் அழிக்காதீர்கள், போனையும் மாற்றாதீர்கள். பிரிண்ட் மட்டும் போதாது. பாரதிய சாட்சிய அதினியம் (புதிய சாட்சியச் சட்டம்) 63-ஆம் பிரிவின்படி மின்னணு ஆவணத்துக்கான சான்றிதழும் வேண்டும். உங்கள் வக்கீலிடம் அதை முதல் நாளே கேளுங்கள்.