பேஸ்பால் ஆடும் மகனுக்காக நிலத்தை விற்க வேண்டாம். கம்ப்யூட்டர் சயின்ஸுக்காகவும் விற்க வேண்டாம்

மதுரை மாட்டுத்தாவணி பூ மார்க்கெட்டில் கமிஷன் கடை வைத்திருக்கும் ஒருவரும் அவருடைய மனைவியும் போன வாரம் என்னிடம் மேற்படிப்பு ஆலோசனைக்கு வந்தார்கள். ஊர் திருமங்கலம் பக்கம். மகன் பிளஸ் டூ முடித்திருக்கிறான், வயது பதினேழு. பள்ளி உடற்கல்வி ஆசிரியர் பேஸ்பால் கற்றுக்கொடுத்து, பந்து வீசும் பிட்சராக மாநிலப் போட்டி வரை அழைத்துப் போயிருக்கிறார். இப்போது பையன், அமெரிக்கா போய் இதையே தொழிலாகச் செய்யப்போகிறேன் என்கிறான். தாய்மாமன் அதற்குள் ஒரு தனியார் பொறியியல் கல்லூரியில் நிர்வாக ஒதுக்கீட்டில் கம்ப்யூட்டர் சயின்ஸ் இடம் பேசி, ஐம்பதாயிரம் முன்பணமும் கட்டிவிட்டார். இன்னொரு பக்கம் ஓர் இடைத்தரகர், எட்டு லட்சம் கொடுத்தால் வெளிநாட்டு பேஸ்பால் அகாடமியில் சேர்த்துவிடுவதாகச் சொல்கிறார். இரண்டில் எது நடந்தாலும் கிணற்றோடு சேர்ந்த ஒரு ஏக்கர் மல்லிகைத் தோட்டம் கைவிட்டுப் போகும்.

"பையனுக்குப் புத்தி பேதலித்துவிட்டதா சார்?" என்று அந்த அம்மா கேட்டார். இல்லை அம்மா, பையன் தெளிவாகத்தான் இருக்கிறான். அவனைச் சுற்றி இருக்கும் பெரியவர்கள்தான் அவசரப்படுகிறார்கள். அன்று நேரில் சொன்னதை இங்கே விரிவாக எழுதுகிறேன். இதே நிலையில் வேறு குடும்பங்களும் இருக்கலாம்.

முதலில் தம்பிக்கு. அமெரிக்க பேஸ்பாலின் உச்சப் படியான மேஜர் லீகில் 30 அணிகள். ஓர் அணியின் ஆடும் பட்டியலில் 26 பேர், அதில் பிட்சர்கள் 13 பேருக்கு மேல் இருக்கக்கூடாது என்பது விதி. ஆக, உலகம் முழுவதிலிருந்தும் வரும் பிட்சர்களுக்கு ஒரு நேரத்தில் உள்ள இடங்கள் 390. அணிகள் முறைவைத்துப் புது வீரர்களை எடுக்கும் ஆண்டுத் தேர்வான டிராஃப்ட், அமெரிக்கா, கனடா, போர்ட்டோ ரிக்கோவில் வசிக்கும் அல்லது படிக்கும் பிள்ளைகளுக்கு மட்டுமே. மற்றவர்கள் அணிகளோடு நேரடியாக ஒப்பந்தம் போட வேண்டும். டொமினிக்கன் குடியரசில் எல்லா அணிகளும் அகாடமி வைத்திருக்கின்றன. அங்கே பதினாறு வயதிலேயே கையெழுத்து வாங்கிவிடுகிறார்கள். கையெழுத்துப் போட்டவுடன் மேஜர் லீகில் ஆடவும் முடியாது. மைனர் லீகில் 120 அணிகள், நான்கு படிகள். அதற்கும் கீழே பயிற்சி லீக்குகள். 2023 ஒப்பந்தப்படி அடிமட்டத்தில் ஆண்டுச் சம்பளம் 19,800 டாலர், உச்சப் படியான டிரிபிள் ஏ-யில் 35,800 டாலர். 2025-இல் மேஜர் லீகின் குறைந்தபட்சச் சம்பளம் 7,60,000 டாலர். தம்பி பார்த்து மயங்கியது இந்தக் கடைசி எண்ணை. பெரும்பாலான பிட்சர்களின் விளையாட்டு வாழ்க்கை அதற்கு முந்தைய எண்களிலேயே முடிந்துவிடுகிறது.

"ரிங்கு சிங் போனாரே, தினேஷ் படேல் போனாரே" என்றான். போனார்கள். இந்த ரிங்கு கிரிக்கெட் வீரர் அல்ல; இருவரும் உத்தரப் பிரதேசத்தில் ஈட்டி எறிந்துகொண்டிருந்தவர்கள். 2008-இல் இந்தியாவில் நடந்த 'மில்லியன் டாலர் ஆர்ம்' போட்டியில் பந்து வீசி, அமெரிக்காவுக்குப் போய்ப் பயிற்சி பெற்று, அதே ஆண்டு பிட்ஸ்பர்க் பைரேட்ஸ் அணியோடு ஒப்பந்தம் செய்தார்கள். மிகப் பெரிய சாதனை, நான் குறைத்துச் சொல்லவில்லை. தினேஷை 2010-இல் அணி விடுவித்தது. ரிங்கு இன்னும் சில ஆண்டுகள் கீழ்ப்படிகளில் வீசினார், முழங்கை அறுவை சிகிச்சை செய்துகொண்டார், பிறகு தொழில்முறை மல்யுத்தத்துக்குப் போய்விட்டார். இருவரும் மேஜர் லீகில் ஒரு பந்துகூட வீசவில்லை. மேஜர் லீக் பிட்சர் குமார் ராக்கர் பெயரையும் தம்பி சொன்னான். அவருடைய தாய்வழி உறவு இந்தியாவில் இருக்கலாம். பிறந்து வளர்ந்து டிராஃப்டில் தேர்வானதெல்லாம் அமெரிக்காவில்.

அடுத்து அந்த எட்டு லட்சம். இதில் எனக்கு இரண்டு கருத்து கிடையாது. உண்மையான தொழில்முறை அணி வீரனிடம் பணம் கேட்காது. ஒப்பந்தப் பணத்தை அதுதான் கொடுக்கும். ஏஜென்டின் வருமானம் வீரனுடைய ஒப்பந்தத்திலிருந்து வர வேண்டும், வீரனுடைய அப்பாவின் தோட்டத்திலிருந்து அல்ல. காசு கட்டிச் சேரும் அகாடமி என்பது கட்டணப் பயிற்சி நிலையம். அங்கே சேர்ந்ததால் எந்த அணியும் உங்கள் பிள்ளையைத் தேடி வந்துவிடாது. அந்த இடைத்தரகரின் தொலைபேசி அழைப்பை இனி எடுக்காதீர்கள்.

இதைக் கேட்டதும் தந்தையின் முகம் மலர்ந்தது. "அப்படியானால் கம்ப்யூட்டர் சயின்ஸே போட்டுவிடலாம்தானே?" கூடாது ஐயா. எட்டு லட்சத்தைத் தரகரிடம் கொடுப்பது தவறு என்றால், அதைவிடக் கூடுதலாக நான்கு ஆண்டுகளில் கல்லூரிக்குக் கொடுப்பது எப்படிச் சரியாகும்? கவுன்சலிங்கில் கிடைக்காத இடத்தைப் பணம் கொடுத்து வாங்குகிறீர்கள். பையனுக்கு இயற்பியலிலும் உயிரியலிலும் நல்ல மதிப்பெண், கணிதம் சுமார், கம்ப்யூட்டர் முன்னால் உட்காரவே பிடிக்கவில்லை என்று உங்கள் எதிரிலேயே சொன்னான். இப்படிச் சேர்த்துவிடப்பட்ட பிள்ளைகள் மூன்றாம் ஆண்டில் அரியர் தாள்களோடு என் முன்னால் வந்து உட்காருகிறார்கள். அப்போது நிலமும் இருப்பதில்லை, பிள்ளை அப்பாவிடம் முகம் கொடுத்துப் பேசுவதும் இல்லை. தாய்மாமனுக்கு மருமகன் மேல் பாசம் இருக்கிறது, மறுக்கவில்லை. சீர் செய்யும் உரிமை அவருக்கு உண்டு. பையன் என்ன படிக்க வேண்டும் என்பதை அந்த உரிமையோடு சேர்க்காதீர்கள்.

இனி நான் சொல்ல வந்த விஷயம். பேச்சு நடந்துகொண்டிருக்கும்போது பையன் பையிலிருந்து ஒரு கோடு போட்ட நோட்டை எடுத்து மேசையில் வைத்தான். ஸ்கேல் வைத்துப் பத்தி பிரித்திருக்கிறான். தேதி, எத்தனை பந்து, எந்தப் பிடி, முன்கால் எங்கே விழுந்தது, வலி. வலிப் பத்தியில் 'இல்லை', 'கொஞ்சம்', 'நிறைய' என்ற மூன்றே சொற்கள். ஒரு பக்கத்தில், முன்கால் இடப்பக்கமாக விலகி விழும் நாட்களில் எல்லாம் முழங்கையின் உட்புறம் வலிப்பதைச் சிவப்பு மையில் சுழித்து வைத்திருந்தான். இதை அவனுக்கு யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை. மாதக்கணக்கில் தன் உடம்பைத் தானே கவனித்துக் கண்டுபிடித்திருக்கிறான்.

அம்மா, உங்கள் பையனின் நாட்டம் அமெரிக்காவில் இல்லை, இந்த நோட்டில் இருக்கிறது. மனித உடம்பு ஒரு பந்தை எப்படி எறிகிறது என்பதுதான் அவனைப் பிடித்து ஆட்டுகிறது. அதற்கென்றே படிப்பு இருக்கிறது, தமிழ்நாட்டிலேயே இருக்கிறது, நிலத்தை விற்காமலே படிக்க முடியும்.

இளநிலையில் மூன்று ஆண்டு உடற்கல்விப் படிப்பு. பல்கலைக்கழகத்துக்கு ஏற்பப் பெயர் மாறும்; பி.பி.இ.எஸ். என்றும் பி.எஸ்சி. உடற்கல்வி என்றும் பார்ப்பீர்கள். உங்களுக்குப் பக்கத்தில் காரைக்குடியில் அழகப்பா பல்கலைக்கழகத்தின் உடற்கல்வியியல் கல்லூரி இருக்கிறது. சென்னை நந்தனத்தில் ஒய்.எம்.சி.ஏ. உடற்கல்வியியல் கல்லூரி, ஹாரி குரோ பக் 1920-இல் தொடங்கியது. சென்னைக்கு அருகே மேலக்கோட்டையூரில் தமிழ்நாடு உடற்கல்வியியல் மற்றும் விளையாட்டுப் பல்கலைக்கழகம். சேர்க்கையில் மதிப்பெண்ணோடு உடற்தகுதியையும் விளையாட்டுச் சான்றிதழ்களையும் பார்ப்பார்கள். தம்பியின் மாநிலப் போட்டிச் சான்றிதழ் கம்ப்யூட்டர் சயின்ஸ் வகுப்பில் பீரோவுக்குள் கிடக்கும். இங்கே அதற்கு மதிப்பு உண்டு.

உடற்கல்வி என்றால் விசிலும் மைதானமும் மட்டும் என்று உறவுக்காரர்கள் நினைக்கிறார்கள். பாடத்திட்டத்தை வாங்கிப் பாருங்கள். உடற்கூறியல், உடலியங்கியல், பயிற்சி முறைகள், விளையாட்டுக் காயங்கள், விளையாட்டு உளவியல் எல்லாம் உண்டு. காலையில் மைதானத்தில் ஓடிவிட்டு வந்து, ஓடிய அதே தசையின் பெயரையும் அது எந்த எலும்பில் தொடங்கி எங்கே முடிகிறது என்பதையும் வகுப்பில் படிக்கும் படிப்பு அது. முதுகலையில் உடல் அசைவுகளின் இயக்கவியலை, பயோமெக்கானிக்ஸை, மேலக்கோட்டையூரில் படிக்கலாம். அங்கே இயற்பியல் தேவைப்படும், கணிதத்தையும் கைவிட முடியாது. தம்பி அதற்கு இப்போதே மனத்தைத் தயார் செய்துகொள்ள வேண்டும்.

அந்தத் துறையில் பேஸ்பால் பிட்சரைப் போல ஆழமாக ஆராயப்பட்டவர்கள் குறைவு. பத்து அங்குல உயர மேட்டில் நிற்கிறான். பேட்டரின் அருகே தரையில் உள்ள தட்டு 18.44 மீட்டர் தூரத்தில். முன்கால் ஊன்றுகிறது, இடுப்பு திரும்புகிறது, அதன் பின்னால் மார்பு, அதன் பின்னால் தோள், முழங்கை, மணிக்கட்டு, கடைசியில் விரல் நுனி. கிணற்று வாளியைக் கை மாற்றிக் கை மாற்றிக் கரையேற்றுவதைப் போலக் காலில் பிறந்த விசை பந்து வரை வந்து சேர்கிறது. நடுவில் ஒருவர் தாமதித்தால் அடுத்தவர் கையில் பளு கூடும். முன்கால் விலகி விழுந்த நாளில் தம்பிக்கு முழங்கை வலித்ததற்கு அதுதான் காரணமாக இருக்க வேண்டும். தேர்ந்த பிட்சரின் தோள் நொடிக்கு 7,000 டிகிரி வேகத்தில் சுழல்கிறது. மணிக்கு 150 கிலோமீட்டரில் வரும் பந்து ஏறக்குறைய 0.4 நொடியில் பேட்டரை அடைகிறது. இதில் பெரும் பளுவைத் தாங்குவது முழங்கையின் உட்புறத்தில் எலும்புகளைப் பிணைக்கும் ஒரு சிறு நார். அது கிழிந்தால் ஒரு பிட்சரின் தொழில் முடிந்தது என்றுதான் ஒரு காலம் வரை இருந்தது. 1974-இல் மருத்துவர் ஃபிராங்க் ஜோப், டாமி ஜான் என்ற பிட்சருக்கு வேறு இடத்துத் தசைநாரை எடுத்து அங்கே பொருத்தினார். டாமி ஜான் 1976-இல் மீண்டும் ஆட வந்து 1989 வரை வீசினார். அந்த அறுவை சிகிச்சைக்கே அவர் பெயர்தான். அலபாமாவின் பர்மிங்காமில் ஓர் ஆய்வு நிறுவனம் 1987 முதல் இந்த ஒரு கையசைவைத் துருவித் துருவிப் படித்து வருகிறது.

இந்த அறிவு பேஸ்பாலோடு நிற்பதில்லை. ஆஸ்திரேலிய கிரிக்கெட் அணிக்கு ஃபீல்டிங் கற்றுக்கொடுத்த மைக் யங் ஓர் அமெரிக்க பேஸ்பால் பயிற்சியாளர். பந்தை எடுத்து எறியும் கலையை அந்த அணி பேஸ்பாலிடமிருந்து வாங்கியது. கைல் பாடி என்பவர் தொழில்முறையில் ஒரு பந்துகூட வீசாதவர். சியாட்டில் பக்கத்தில் சொந்தப் பயிற்சிக்கூடம் நடத்தி, எறிதலை அளந்து அளந்து கற்றுக்கொண்டார். 2019-இல் சின்சினாட்டி ரெட்ஸ் அணியே தன் பிட்சர்களைப் பயிற்றுவிக்க அவரை அழைத்துக்கொண்டது. சென்னைக்காரரான பாசு சங்கர் 2015 முதல் 2019 வரை இந்திய கிரிக்கெட் அணியின் உடல்வலுப் பயிற்சியாளர். ஈட்டி, குண்டு, கைப்பந்து, டென்னிஸ் சர்வீஸ், வேகப்பந்து எல்லாவற்றுக்கும் தோளும் முழங்கையும்தான் மூலதனம். அதைக் காப்பாற்றத் தெரிந்தவர்கள் நம் மாவட்டங்களில் மிகக் குறைவு. வலிக்கிறது என்று வரும் பையனிடம் "எண்ணெய் தேய்த்துக்கொள்" என்று சொல்லும் மைதானங்களே அதிகம்.

பிழைப்புக்கு வழி உண்டா என்று தந்தை கேட்டார், கேட்கத்தான் வேண்டும். இளநிலைக்குப் பின் இரண்டு ஆண்டு பி.பி.எட்., இரண்டு ஆண்டு எம்.பி.எட். முடித்தால் பள்ளி உடற்கல்வி இயக்குநர் பணிக்கு ஆசிரியர் தேர்வு வாரியத் தேர்வு எழுதலாம். கல்லூரிப் பணிக்கான தகுதித் தேர்வான நெட் அல்லது செட் தேறினால் கல்லூரி உடற்கல்வி இயக்குநர். "நம் வீட்டுப் பையன் டிரில் வாத்தியாரா?" என்று கேட்கும் மாமாவிடம் ஒன்று சொல்லுங்கள்: பல்கலைக்கழக மானியக் குழு விதிப்படி அந்தப் பதவியின் தொடக்க அடிப்படைச் சம்பளம் 57,700 ரூபாய், உதவிப் பேராசிரியருக்கு உள்ள அதே நிலை. பல சுயநிதிக் கல்லூரிகளில் இதில் பாதிகூடக் கொடுப்பதில்லை, அதையும் மறைக்க மாட்டேன். அரசுப் பணியிடங்களும் நினைத்த ஆண்டில் வருவதில்லை. அதனால்தான் பயோமெக்கானிக்ஸ், உடல்வலுப் பயிற்சி என்று கூடுதல் தகுதி ஒன்றைக் கையில் வைத்திருக்கச் சொல்கிறேன்.

தம்பி, நீ பேஸ்பாலை விட வேண்டியதில்லை. பல்கலைக்கழகங்களுக்கு இடையிலான அகில இந்தியப் போட்டிகளில் பேஸ்பால் இருக்கிறது. படிக்கும் காலம் முழுவதும் மேட்டில் நிற்கலாம். 2028 லாஸ் ஏஞ்சலஸ் ஒலிம்பிக்கில் பேஸ்பால் மீண்டும் வருகிறது; நம் நாட்டிலும் கவனம் கூடலாம். ஒரு நாள் உன் வீச்சைப் பார்த்து ஓர் அணி பணம் கொடுத்து அழைத்தால், மூட்டையைக் கட்டிவிடு, நானே அப்பாவிடம் பேசுகிறேன்.

ஆனால் நோட்டில் ஒரு ஞாயிற்றுக்கிழமைக்கு நேரே 160 என்று எழுதி, வலிப் பத்தியில் 'நிறைய' என்று எழுதியிருந்தாயே, அது இனி நடக்கக்கூடாது. மேஜர் லீக் அமைப்பே வகுத்த பிட்ச் ஸ்மார்ட் வரையறையில் பதினேழு, பதினெட்டு வயதுக்கு ஒரு நாளைக்கு உச்ச வரம்பு 105 பந்து. 80-ஐத் தாண்டினால் நான்கு நாள் ஓய்வு. கை களைத்த பிறகும் வீசுவதுதான் இந்த வயதில் முழங்கையைக் கெடுக்கிறது. அடுத்த பந்தை வீசும் முன் எலும்பு மூட்டு மருத்துவர் ஒருவரிடம் முழங்கையைக் காட்டிவிடு. வலி தீரும் வரை பந்தைத் தொடாதே. பயிற்சியாளர் வற்புறுத்தினாலும் இதில் விட்டுக்கொடுக்காதே.

பெற்றோருக்கு வேலை இரண்டு. ஒரு நாள் மாட்டுத்தாவணியிலிருந்தே காரைக்குடி பஸ் ஏறி, மாமாவையும் அழைத்துக்கொண்டு, கல்லூரியைப் பாருங்கள். இந்த ஆண்டு எந்தெந்தப் பிரிவு, என்ன கட்டணம், விடுதி உண்டா என்று அலுவலகத்திலேயே கேட்டு எழுதிக்கொள்ளுங்கள். விளையாட்டுச் சான்றிதழ்களின் அசலை யாரிடமும் விட்டுவிட்டு வராதீர்கள்.

மற்றது, மாமா கட்டிய ஐம்பதாயிரம். வகுப்பு தொடங்கும் முன் உரிய தேதிக்குள் இடம் வேண்டாம் என்று எழுதிக் கொடுத்தால், ஆயிரம் ரூபாய்க்கு மேல் பிடித்துக்கொள்ளாமல் கட்டணத்தைத் திருப்பித் தர வேண்டும் என்பது தொழில்நுட்பக் கல்விக் குழுவான ஏ.ஐ.சி.டி.இ.யின் விதி. மாமாவிடம் ரசீது இருக்கிறதா என்று இன்றே கேளுங்கள். இருந்தால் கடிதத்தோடு நகலை இணைத்து ஸ்பீடு போஸ்டில் அனுப்பி, போய்ச் சேர்ந்ததற்கான அத்தாட்சியை வாங்கி வையுங்கள். ரசீது இல்லாமல் கொடுத்திருந்தால், பணத்தை வாங்கியவர் கல்லூரி ஊழியரா வெளி ஆளா என்பதை முதலில் விசாரித்துவிட்டு என்னிடம் வாருங்கள்.