ஆறு புத்தகத்தையும் முதல்ல டேபிள்லேர்ந்து எடுங்க

கேள்வி: என் பொண்ணு நீட் ரெண்டாவது தடவையும் எழுதி மார்க் வரல. ரூமை விட்டே வெளிய வர்றதில்ல, என்னன்னு கேட்டா 'ஒண்ணுமில்ல'ங்கறா. தன்னம்பிக்கை வரட்டும்னு ஆறு புத்தகம் வாங்கி, ஒவ்வொண்ணுலயும் முதல் பக்கத்துல நானே நாலு வரி எழுதி அவ டேபிள்ல வச்சேன். ஒண்ணைக்கூட பிரிக்கல. தன்னைத் தானே புரிஞ்சுக்கிட்டு, அடி வாங்கினாலும் எழுந்து நிக்கறதுக்கு உதவற மாதிரி நல்ல புத்தகம் பத்து சொல்லுங்களேன்.
— பெயர் வேண்டாம், நாமக்கல்

பதில்: பத்தெல்லாம் சொல்ல மாட்டேன்ம்மா. நாலு சொல்றேன், அதுல ஒண்ணு உங்களுக்கு.

அதுக்கு முன்னாடி ஒண்ணு. சாப்பாடு தூக்கம் ரெண்டும் கெட்டுப்போய் எத்தனை நாளாச்சுன்னு நீங்க எழுதல. ரெண்டு வாரத்துக்கு மேலன்னா புத்தகத்தைத் தேடிட்டு உக்காராதீங்க, 14416-க்கு போன் பண்ணுங்க, டெலி மானஸ்னு அரசாங்கத்தோட மனநல உதவி எண், காசு கிடையாது, தமிழ்லயே பேசலாம். இல்லன்னா 104. சாகலாம்ங்கற மாதிரி ஒரு வார்த்தை அவ வாயில வந்திருந்தா ரெண்டு வாரம்லாம் பாக்காதீங்க, இந்தப் பக்கத்தை மூடி வச்சுட்டு இப்பவே பண்ணுங்க.

சரி, அந்த ஆறு புத்தகம். தலைப்பெல்லாம் லெட்டர்ல வரிசையா எழுதியிருந்தீங்க, நான்தான் இங்க போடல. ஆறுலயும் 'வெற்றி' இருக்கும்மா! ரெண்டு தடவை தோத்துட்டு வந்து உக்காந்திருக்கற புள்ளையோட டேபிள்ல, கண்ணைத் தொறந்தா வெற்றி வெற்றின்னு ஆறு அட்டை. நீங்க வாயால ஒரு வார்த்தை திட்டலன்னு லெட்டர்ல ரெண்டு இடத்துல சொல்லியிருக்கீங்க, நம்பறேன். புத்தகத்தால திட்டியிருக்கீங்க.

தன்னம்பிக்கை நூல்னாலே எனக்கு ஆகாதுன்னு நினைச்சுடாதீங்க. அப்துற் றஹீமோட 'முன்னேறுவது எப்படி?', உதயமூர்த்தியோட 'எண்ணங்கள்' இதெல்லாம் படிச்சுட்டு கடை போட்டவங்க, பரீட்சை எழுதினவங்க எனக்கே நாலஞ்சு பேரைத் தெரியும், அவங்க முன்னாடி இதைக் கிண்டல் பண்ணினா அடிக்க வருவாங்க, வரணும். ஆனா அதெல்லாம் நடக்க ஆரம்பிச்சவனுக்கு வேகம் கொடுக்கற சமாச்சாரம். எழுதறவர் ஏற்கனவே மாடியில நின்னுக்கிட்டு கீழ பாத்து 'ஏறி வா ஏறி வா'ங்கறார். படிக்கட்டுல உக்காந்து அழுதுட்டு இருக்கறவளுக்கு அந்தக் குரல் எரிச்சலாத்தான் இருக்கும். அவளுக்கு வேண்டியது பக்கத்துப் படியில உக்காந்திருக்கற ஆள்.

என் கதை கொஞ்சம். பி.எஸ்சி ரெண்டாவது வருஷம் எனக்கு மூணு அரியர். வீட்ல யாரும் பேசல, அந்த நிசப்தம் தாங்காம தினம் கிளை நூலகத்துக்குப் போய் ஃபேனுக்குக் கீழ உக்காந்துடுவேன், படிக்கறதுக்கெல்லாம் இல்ல, ஒளிஞ்சுக்க. ஒரு நாள் லைப்ரரியன் 'புத்தகம் எடுக்காம சும்மா உக்காரக் கூடாது தம்பி'ன்னு சத்தம் போட்டார், சரின்னு கைக்கு எட்டினதுல எது குண்டா இருந்துச்சோ அதை எடுத்தேன், குண்டு புத்தகம்னா ஒரு வாரத்துக்கு யாரும் கேள்வி கேக்க மாட்டாங்கல்ல. உ.வே.சாமிநாதையரோட 'என் சரித்திரம்', நான் சொல்ற நாலுல இதான் முதல் புத்தகம். தமிழ்த் தாத்தாவாச்சே, கொட்டாவி வரும்னு நினைச்சேன்.

அதுல ஒரு இடம். 1880, கும்பகோணம். அவருக்கு 25 வயசு, காலேஜ்ல தமிழ் வாத்தியார் வேலை அப்பத்தான் கிடைச்சிருக்கு. புள்ளைக்குத் தமிழ் சொல்லிக் கொடுக்க ஆள் தேடி அவங்கப்பா ஊர் ஊரா குடி மாத்தி, அப்புறம் மீனாட்சிசுந்தரம் பிள்ளைகிட்ட வருஷக்கணக்கா இருந்து படிச்சு வந்த வேலை. ஊருக்குப் புதுசா வந்த முன்சீப், அதாவது கோர்ட் ஜட்ஜ், சேலம் ராமசாமி முதலியாரைப் பாக்கப் போறார். என்னென்ன படிச்சிருக்கீங்கன்னு கேக்கறார். இவர் அந்தாதி, கலம்பகம், பிள்ளைத்தமிழ், கோவைன்னு அடுக்கறார், அந்த மனுஷன் முகத்துல ஒரு சலனமும் இல்ல. கம்பராமாயணம்ங்கறார், அதுக்கும் பெருசா ஒண்ணும் இல்ல. கடைசில இதெல்லாம் படிச்சு என்ன பிரயோஜனம்ங்கற மாதிரி கேட்டுட்டு, சீவக சிந்தாமணி படிச்சிருக்கீங்களா, மணிமேகலை, சிலப்பதிகாரம்னு கேக்கறார். இவர் ஏட்டைக்கூட கண்ணால பாத்ததில்ல.

நான் படிச்ச காப்பியில அந்தப் பக்கத்து ஓரத்துல யாரோ பென்சில்ல 'ஐயோ பாவம்'னு எழுதி வச்சிருந்தாங்க. எனக்கு முன்னாடி யாரோ ஒருத்தர் அதே பெஞ்சுல, அதே நிலைமையில உக்காந்திருக்கார் பாருங்க. அந்த ரெண்டு வார்த்தை எனக்குப் பண்ணினதை எந்த வெற்றி நூலும் பண்ணல.

அப்புறம் என்ன ஆச்சுன்னா, புத்தகம் கிடைச்சா படிச்சுடுவேன்னு தைரியமா சொல்லிட்டு வர்றார், சீவக சிந்தாமணி கிடைச்சதும் புரியல! சைவ மடத்துல படிச்ச ஆள், சமணக் காப்பியம். கும்பகோணத்துல இருந்த ஜைனர்கள் வீட்டுக்கே போய் உக்காந்து, இதுக்கு என்ன அர்த்தம் அதுக்கு என்ன அர்த்தம்னு கேட்டுக் கத்துக்கறார். அதை அவரே பதிப்பிச்சு அச்சுல வரும்போது 1887. ஏழு வருஷம்மா. உங்க பொண்ணுக்கு ரெண்டு வருஷத்துலயே எல்லாம் முடிஞ்சு போச்சுன்னு யார் சொன்னது, கோச்சிங் சென்டர் போர்டா? இந்த சரித்திரமும் முடியாமலே நிக்குது, 1940-லேர்ந்து விகடன்ல தொடரா எழுதிட்டே இருந்தார், 1942-ல காலமாயிட்டார். காப்புரிமை முடிஞ்ச எழுத்து, நெட்லயே இலவசமா இருக்கு. முதல்லேர்ந்து படிக்கணும்னு இல்ல, நடுவுல எங்க வேணா நுழையலாம்.

ரெண்டாவது பாமாவோட 'கருக்கு', 1992, அவங்க சொந்தக் கதை. சின்னப் புத்தகம், ஒரே ராத்திரியில முடிச்சுடலாம். தெருவுல ஒரு பெரியவர் வடைப் பொட்டலத்தைக் கை படாம நூலைப் பிடிச்சுத் தூக்கிட்டுப் போறதைப் பாத்து அந்தப் புள்ளைக்கு சிரிப்பு தாங்கல, வீட்டுக்கு வந்து அண்ணன்கிட்ட சொல்றா, அண்ணன் இது ஜாதியால வந்த பழக்கம், அந்தப் பெரியவர் தொட்டா தீட்டும்பாங்கன்னு சொல்றார், சிரிப்பு அங்கயே செத்துப்போகுது. வளர்றதுன்னா என்னன்னு இதுக்கு மேல ஒரு பக்கத்துல சொல்ல முடியுமான்னு தெரியல. பின்னாடி அவங்க கன்னியாஸ்திரீ ஆகறாங்க, அது சரிப்படாம வெளிய வந்துடறாங்க, கையில ஒண்ணும் இல்லாம, அடுத்து என்னன்னு தெரியாம நிக்கும்போது எழுதின புத்தகம் இது. அந்தத் தெரியாமையை மறைக்கல. அதுக்காகத்தான் உங்க பொண்ணுக்குச் சொல்றேன்.

மூணாவது அசோகமித்திரனோட '18வது அட்சக்கோடு'. செகந்தராபாத், சுதந்திரம் வந்த சமயம், கிரிக்கெட் பைத்தியமா ஒரு காலேஜ் பையன், சுத்தி ஊரே எரியுது. முடிவுல அவன் ஜெயிக்கல, ஒரு காட்சியைப் பாத்துட்டு ஓடறான். என்ன காட்சின்னு சொல்ல மாட்டேன். இது எல்லாருக்கும் பிடிக்காது, பிடிக்கலன்னா பாதியில வைக்கட்டும், பாதியில வைக்கறதும் வாசிப்புதான்.

நாலாவதுதான் உங்களுக்கு. 'டோட்டோ சான்: ஜன்னலில் ஒரு சிறுமி'. டெட்சுகோ குரோயாநகி எழுதினது, ஜப்பான்ல 1981-ல வந்துச்சு, தமிழ்ல நேஷனல் புக் டிரஸ்ட் போட்டிருக்கு. ஒண்ணாம் கிளாஸ்லயே ஸ்கூலை விட்டு அனுப்பிடறாங்க அந்தப் புள்ளைய, டெஸ்க் மூடியைத் திறந்து திறந்து மூடறா, ஜன்னல்ல நின்னு தெருவுல போற பாட்டுக்காரங்களைக் கூப்பிடறான்னு. அவங்கம்மா அதை அவகிட்ட சொல்லல. புது ஸ்கூல் பாக்கப் போலாம் வான்னு கூட்டிட்டுப் போறாங்க, அவ்வளவுதான். உன்னைத் துரத்திட்டாங்கன்னு சொன்னது எப்போ தெரியுமா, அவளுக்கு 20 வயசு ஆனப்புறம். புது ஸ்கூல்ல ஹெட்மாஸ்டர் முதல் நாள் அவளை உக்கார வச்சு, உனக்கு என்ன தோணுதோ சொல்லுன்னு நாலு மணி நேரம் கேக்கறார், நடுவுல ஒரு கொட்டாவி கூட விடல. நீங்க கடைசியா அவ பேசி எவ்வளவு நேரம் கேட்டீங்க? 'ஒண்ணுமில்ல'ன்னு அவ சொன்னதுக்கு அப்புறம் நீங்க என்ன சொன்னீங்கன்னு லெட்டர்ல இல்ல.

போர் வந்து குண்டு போட்டு அந்த ஸ்கூல் எரிஞ்சு போகுது. எரியறதைப் பாத்துக்கிட்டே அந்த ஹெட்மாஸ்டர், அடுத்து எப்படிப்பட்ட ஸ்கூல் கட்டலாம்னு தன் மகன்கிட்ட கேக்கறார். திரும்ப எழுந்து நிக்கறது பத்தி புத்தகம் கேட்டீங்கல்ல, இந்த ஒரு பக்கம் போதும்.

இன்னொண்ணு, இதையெல்லாம் வாங்கிட்டு வந்து மறுபடியும் டேபிள்ல அடுக்கிடாதீங்க! அவளா எடுக்கணும். நம்ம சீர்காழிக்காரர் எஸ்.ஆர்.ரங்கநாதன் 1931-ல நூலகத்துக்கு அஞ்சு விதி எழுதினார், ஒவ்வொரு வாசகருக்கும் அவருக்கான புத்தகம், ஒவ்வொரு புத்தகத்துக்கும் அதுக்கான வாசகர்ங்கறது அதுல ரெண்டு. அவர் கதையும் வேடிக்கைதான், கணக்கு வாத்தியார், 1924-ல மெட்ராஸ் யுனிவர்சிட்டி லைப்ரரியனாப் போட்டாங்க, கொஞ்ச நாள்லயே போர் அடிக்குது, பழைய வேலைக்கே போறேன்னு வந்து நின்னுட்டார். லண்டன் போய்ப் படிச்சுட்டு வா, அப்பவும் பிடிக்கலன்னா பாத்துக்கலாம்னு அனுப்பி வச்சாங்க. போனவர் இந்தியாவுக்கே நூலகத் தந்தையாத் திரும்பி வந்தார். டாக்டர் சீட் ஒண்ணுதான் வாழ்க்கைன்னு உங்க வீட்ல யாராவது பேசினா இதைச் சொல்லுங்க.

அதனால அவளை லைப்ரரிக்குக் கூட்டிட்டுப் போங்க. உள்ள போனதும் நீங்க பேப்பர் படிக்கற பக்கம் போயிடுங்க, அவ பின்னாடியே நடக்காதீங்க. எதை எடுக்கறதுன்னு கேட்டா ஒரே ஒரு வழி சொல்லுங்க: பின் அட்டையைப் பாக்காம நடுவுல ஒரு பக்கம் திறக்கணும், அதுல யாராவது உனக்கு அட்வைஸ் பண்ணினா வச்சுடு, யாராவது பஸ்ஸுக்குக் காசில்லாம நின்னுட்டு இருந்தா எடுத்துட்டு வா. அவ சமையல் புத்தகமோ பேய்க் கதையோ எடுத்துட்டு வந்தாலும் முகம் சுளிக்காதீங்க.

அந்த ஆறு புத்தகத்தையும் யாருக்காவது கொடுக்கறதுன்னா, நீங்க எழுதின முதல் பக்கத்தைக் கிழிச்சுட்டுக் கொடுங்க. நாலு வரி அட்வைஸ் எழுதிட்டு 'அன்புடன் அம்மா'ன்னு போட்டிருப்பீங்க, அந்தக் கடைசி ரெண்டு வார்த்தையை மட்டும் நேர்ல போய்ச் சொல்லிக்கலாம்.

டோட்டோ சான் முடிச்சதும் எழுதுங்க. பொண்ணு படிச்சாளா இல்லையான்னு எழுத வேணாம், நீங்க எந்தப் பக்கத்துல நிறுத்தினீங்கன்னு மட்டும்.