கையில் 200 படிவம், கணக்கு மட்டும் வரவில்லை

திருமங்கலம் பக்கத்திலிருந்து ஒரு வாசகி எழுதியிருக்கிறார். எம்.ஏ. சமூகவியல் முடித்து, வேலை பார்த்துக்கொண்டே முனைவர் பட்டத்துக்குப் படிக்கிறார். மதுரையிலும் சுற்றுக் கிராமங்களிலும் பூக் கட்டும் பெண்கள் 200 பேரிடம் படிவம் நிரப்பி வாங்கிவிட்டார். வருமானம், கடன், மகளிர் குழு, திருப்தி என்று நாற்பது கேள்விகள். நெறியாளர் "எஸ்.பி.எஸ்.எஸ்.ல போட்டுக் கொண்டு வாம்மா" என்கிறார், அது புள்ளியியல் கணக்குப் போடும் மென்பொருள். ஊரில் ஒரு ப்ராஜெக்ட் சென்டரில் எட்டாயிரம் கொடுத்தால் பத்து நாளில் தரவை அலசும் நாலாம் அத்தியாயமே கைக்கு வந்துவிடுமாம். "பத்தாம் வகுப்புக்குப் பிறகு கணக்கைத் தொடவில்லை. நான்கு மாதம் இருக்கிறது. கற்றுக்கொள்ள முடியுமா, காசைக் கொடுத்துவிடவா?" இதுதான் கேள்வி.

முடியும். காசைக் கொடுக்காதீர்கள். தர்மம் நியாயம் பேச வரவில்லை, வைவா (வாய்மொழித் தேர்வு) அன்று கணக்கில் வரும் ஏதோ ஓர் எண்ணைக் காட்டி "இந்த 0.037 என்னம்மா சொல்லுது?" என்று கேட்கும்போது சென்டர்காரர் உங்கள் பக்கத்தில் நிற்க மாட்டார், அவ்வளவுதான். அதைவிட முக்கியமாக, அந்தப் படிவங்களில் என்ன இருக்கிறது என்று உங்களுக்குத்தான் தெரியும். தை மாதத்தில் கேட்ட பெண் சொன்ன தினக்கூலியும் ஆடியில் கேட்ட பெண் சொன்ன தினக்கூலியும் ஒன்றில்லை. மார்கழி, தையில் பனியால் மல்லி வரத்துக் குறைந்து விலை ஏறும், ஆடியில் கல்யாணமே இருக்காது. எந்தப் படிவம் எந்த மாதம் வாங்கியது என்று அட்டவணையில் ஒரு பத்தி சேர்க்க வேண்டும் என்பது கணினி முன் உட்கார்ந்திருக்கும் மூன்றாம் மனிதருக்குத் தோன்றாது.

சரி, எங்கே தொடங்குவது? எல்லாரும் மென்பொருளில் தொடங்குகிறார்கள், அங்கேதான் சறுக்குகிறது. நீங்கள் பாடநூலில் தொடங்குங்கள். நம் மாநிலப் பாடத்திட்டத்தில் பதினொன்று, பன்னிரண்டாம் வகுப்புக்குப் புள்ளியியல் தனிப் பாடமாகவே இருக்கிறது, தமிழ் வழியிலும் புத்தகம் உண்டு. பன்னிரண்டாம் வகுப்பு நூலில் மிகைகாண் சோதனை (வித்தியாசம் தற்செயலா என்று பார்ப்பது), மாறுபாட்டுப் பகுப்பாய்வு (அனோவா), ஒட்டுறவு (கோரிலேஷன்) எல்லாம் வருகின்றன. சமூகவியல் ஆய்வுக்கு வேண்டியதில் முக்கால்வாசி அதற்குள் அடங்கிவிடும். தலையணை மாதிரி ஆங்கிலப் புத்தகம் வாங்கி அலமாரியில் வைப்பதற்குப் பதில் இதை ஒரு மாதம், தினம் ஒரு மணி நேரம், பேப்பரும் பேனாவுமாகப் படியுங்கள்.

கூடவே படிவங்களைக் கணினியில் ஏற்றுங்கள். ஒரு பெண்ணுக்குக் குறுக்கே ஒரு வரிசை, ஒரு கேள்விக்கு மேலிருந்து கீழாக ஒரு பத்தி. எக்செல் போதும். இந்த வேலையை ஆள் வைத்துச் செய்யாதீர்கள், போரடித்தாலும் நீங்களே செய்யுங்கள். என் கதை ஒன்று சொல்கிறேன். பல வருடம் முன்னால் உசிலம்பட்டிப் பக்கம் 150 வீடுகளில் எடுத்த ஒரு கணக்கில் "எத்தனை பிள்ளைகள்" என்ற கேள்விக்குப் பதில் வராத ஐந்து வீட்டுக்கு 99 என்று போட்டுவைத்தேன். பதில் இல்லை என்பதற்கு 99 போடுவது வழக்கம்தான். ஆனால் அதை மென்பொருளிடம் சொல்ல மறந்துவிட்டேன். மற்ற வீடுகளில் சுமார் இரண்டு பிள்ளைகள், எனக்கு வந்த சராசரியோ ஐந்தேகால்! அந்த எண்ணை வைத்து ஒரு பக்கம் விளக்கம் வேறு எழுதியிருந்தேன். இடைநிலையை (வரிசைப்படுத்தினால் நடுவில் நிற்கும் எண்ணை) பார்த்திருந்தால் அது இரண்டு என்று அப்போதே காட்டிக் கொடுத்திருக்கும். அதனால் ஒவ்வொரு பத்திக்கும் குறைந்தபட்சம், அதிகபட்சம், இடைநிலை, சராசரி நான்கையும் எடுத்துப் பார்த்துவிட்டுத்தான் அடுத்த வேலை.

அப்புறம் சோதனை. "எந்த டெஸ்ட் போடுறது" என்பதுதான் எல்லாரையும் படுத்துகிறது. முதலில் கேள்வியை ஒரு வாக்கியமாக எழுதுங்கள். "மகளிர் குழுவில் இருக்கும் பெண்கள் தண்டல் கடன் வாங்குவது குறைவா?" இதில் இரண்டு பக்கமும் ஆம், இல்லை என்ற வகைகள்தான், எனவே கை-ஸ்கொயர். (சி-ஸ்கொயர் என்றும் சை என்றும் சொல்வார்கள், அது கிரேக்க எழுத்து, சண்டை வேண்டாம்.) ஒரு பக்கம் வகை, மறுபக்கம் ரூபாய் என்றால், இரண்டு குழுவுக்கு டி சோதனை, மூன்றோ அதற்கு மேலோ என்றால் மாறுபாட்டுப் பகுப்பாய்வு. இரண்டுமே எண் என்றால் ஒட்டுறவு. உங்கள் நாற்பது கேள்விக்கும் இந்த நாலு போதும் என்றே நினைக்கிறேன்.

கை-ஸ்கொயரை ஒரு தடவை கையால் போட்டுப் பாருங்கள். நான் சும்மா வைத்துக்கொள்ளும் எண்கள் இவை: குழுவில் இருப்பவர்கள் 120 பேர், அதில் தண்டல் கடன் வாங்கியவர்கள் 48. குழுவில் இல்லாதவர்கள் 80 பேர், வாங்கியவர்கள் 44. அதாவது 40 சதவீதம், 55 சதவீதம். மொத்தமாக 200-க்கு 92 பேர், 46 சதவீதம். குழுவுக்கும் கடனுக்கும் சம்பந்தமே இல்லை என்றால் இரண்டு பக்கமும் அதே 46 சதவீதம்தானே இருக்க வேண்டும்? அப்படியானால் 120-க்கு 55.2 பேர், 80-க்கு 36.8 பேர் வாங்கியிருக்க வேண்டும். வாங்காதவர்கள் 64.8, 43.2. நான்கு கட்டத்திலும் நிஜத்துக்கும் இதற்கும் இடைவெளி 7.2. அதன் வர்க்கம் 51.84. அதை ஒவ்வொரு கட்டத்தின் எதிர்பார்ப்பாலும் வகுத்துக் கூட்டினால் 0.94, 0.80, 1.41, 1.20, ஆக மொத்தம் 4.35. இரண்டுக்கு இரண்டு அட்டவணைக்கு ஐந்து சதவீத எல்லை 3.84. தாண்டிவிட்டது, அதாவது தற்செயல் என்று எளிதில் தள்ளிவிட முடியாது. மென்பொருளில் போட்டால் பி மதிப்பு 0.037 என்று வரும். கார்ல் பியர்சன் 1900-இல் கொடுத்த வழி இது. எதிர்பார்க்கும் எண்ணிக்கை ஐந்துக்குக் கீழே போகும் கட்டங்கள் இருந்தால் மட்டும் இதை நம்பாமல் ஃபிஷர் சோதனைக்குப் போங்கள்.

இப்போது அந்த 0.037. "குழுவால் கடன் குறைகிறது என்பது 96 சதவீதம் உறுதி" என்று எழுதிவிடாதீர்கள், பாதி ஆய்வேடுகளில் இப்படித்தான் இருக்கிறது. அது சொல்வது இவ்வளவுதான்: நிஜத்தில் வித்தியாசமே இல்லை என்று வைத்துக்கொண்டால், இந்த அளவோ இதைவிடப் பெரிதாகவோ வித்தியாசம் தற்செயலாக வந்து விழ நூற்றுக்குச் சுமார் நாலு வாய்ப்பு. அமெரிக்கப் புள்ளியியல் சங்கம் 2016-இல் தனி அறிக்கை விட்டே இந்தத் தவறான வாசிப்பைக் கண்டித்தது. எனக்கு பி மதிப்பைவிட அந்த 15 சதவீத வித்தியாசம்தான் முக்கியம், அதன் நம்பிக்கை இடைவெளி (நிஜ வித்தியாசம் எதிலிருந்து எதுவரை இருக்கலாம் என்ற வீச்சு) அதைவிட முக்கியம். இந்தக் கணக்கில் அது ஏறக்குறைய 1 முதல் 29 சதவீதம் வரை போகிறது. வித்தியாசம் ஒன்றுமில்லாத மாதிரியும் இருக்கலாம், ரொம்பப் பெரிதாகவும் இருக்கலாம். இதை அப்படியே எழுதுங்கள், யாரும் குறை சொல்ல மாட்டார்கள்.

இன்னொன்று. குழுவில் சேர்ந்ததால் கடன் குறைந்ததா, அல்லது வீட்டில் கொஞ்சம் வசதி இருக்கிற பெண்தான் குழுவிலும் சேர்கிறாளா? கை-ஸ்கொயருக்கு அது தெரியாது. சொந்த வீட்டுக்காரர்களைத் தனியாகவும் வாடகை வீட்டுக்காரர்களைத் தனியாகவும் எடுத்து அதே அட்டவணையைப் போட்டுப் பாருங்கள், இரண்டிலும் அந்த வித்தியாசம் நிற்கிறதா என்று. அதற்கு மேல் தேவைப்பட்டால் லாஜிஸ்டிக் ரிக்ரஷன் (ஆம், இல்லை என்ற பதிலைப் பல காரணங்களோடு ஒரே நேரத்தில் பொருத்திப் பார்ப்பது), அதையும் ஏழெட்டு மாறிகளுக்கு மேல் திணிக்காமல்.

30 லட்சத்துக்கு மேல் மக்கள் இருக்கிற மாவட்டத்தில் 200 பேர் போதுமா என்றும் கேட்டிருந்தீர்கள். 2011 கணக்கெடுப்பில் மதுரை மாவட்டத்துக்கு அவ்வளவுதான் மக்கள்தொகை, ஆனால் அந்த எண்ணுக்கும் இதற்கும் அதிக சம்பந்தமில்லை. 200 பேரைக் குலுக்கல் முறையில் எடுத்திருந்தால் ஒரு சதவீதக் கணக்கில் ஏழு புள்ளி இந்தப் பக்கம் அந்தப் பக்கம் போகும், மாவட்டத்தில் 30 லட்சம் இருந்தாலும் 3 லட்சம் இருந்தாலும். ஒரு பானைச் சோற்றுக்கு ஒரு சோறு பதம் என்பது சரிதான், சோறு எல்லாப் பக்கமும் ஒரே மாதிரி வெந்திருந்தால். உங்கள் பானை அப்படி இல்லை: மாட்டுத்தாவணிப் பூ மார்க்கெட்டில் பேச முன்வந்தவர்கள் ஒரு ரகம், கிராமத்தில் வீட்டுத் திண்ணையில் கட்டிக் கொடுப்பவர்கள் வேறு ரகம், பேசவே நேரமில்லாதவர்கள் உங்கள் படிவத்தில் இல்லவே இல்லை. அதனால் "மதுரைப் பெண்கள்" என்று எழுதாமல் "நான் சந்தித்த பெண்கள்" என்று எழுதுங்கள், எப்படிச் சந்தித்தீர்கள் என்று இரண்டு பத்தி சேர்த்து.

திருப்திக் கேள்விகளுக்கு "சராசரி 3.27" என்று போடாமல் எத்தனை பேர் எந்தப் பதில் சொன்னார்கள் என்று சதவீதமாகக் காட்டினாலே போதும்.

மென்பொருள் கடைசியில்தான். எஸ்.பி.எஸ்.எஸ். 1968-லிருந்து இருப்பது, இப்போது ஐ.பி.எம். கையில், காசு கொடுத்து வாங்க வேண்டியது. பென்டிரைவில் சுற்றும் திருட்டுப் பிரதி வேண்டாம், வைரஸும் சேர்ந்து வரும். ஜமோவி என்று ஒன்று இலவசமாகக் கிடைக்கிறது, சுட்டியால் சொடுக்கிச் செய்யலாம், எஸ்.பி.எஸ்.எஸ். கோப்பையும் திறக்கும், பின்னணியில் ஓடுவது ஆர் என்ற புள்ளியியல் நிரல் மொழி. நெறியாளர் எஸ்.பி.எஸ்.எஸ்.தான் வேண்டும் என்று அடம்பிடித்தால், கையால் போட்ட அந்த 4.35-ஐயும் ஜமோவி தந்த 4.35-ஐயும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துக் காட்டுங்கள். சென்டருக்கு ஏற்கெனவே முன்பணம் கொடுத்துவிட்டீர்கள் என்றால், அத்தியாயம் வேண்டாம், தரவை உள்ளிட்ட கோப்பை மட்டும் கொடுங்கள் என்று கேளுங்கள். வந்ததும் ஏதாவது இருபது படிவத்தை உருவி எடுத்து, வரிக்கு வரி ஒப்பிட்டுப் பாருங்கள்.