காத்திருக்கும் நாளுக்கு யார் சம்பளம் தருவது?

அன்புள்ள ஐயா,

ஒன்பது வருடமாகக் கேமரா பிடிக்கிறேன். கல்யாண வீடியோவில் தொடங்கி, இப்போது மற்றவர்களின் ஆவணப்படங்களுக்கு ஒளிப்பதிவு. சொந்தமாக ஒரு படம் எடுக்க ஆசை. "நீயே தயாரித்துவிடு" என்கிறார் ஒரு நண்பர். கையில் காசில்லாதவன் எப்படித் தயாரிப்பாளர் ஆவது? அப்படியே ஆனாலும், அப்புறம் கேமராவைத் தொட நேரமிருக்குமா?

பெயர் வேண்டாம், திண்டுக்கல்

அன்புள்ள நண்பருக்கு,

தயாரிப்பாளர் என்றாலே வெள்ளைச் சட்டையும் பணப்பெட்டியும் நினைவுக்கு வருவது கோடம்பாக்கம் செய்த வேலை. ஆவணப்படத் தயாரிப்பாளர் பெரும்பாலும் காசில்லாதவர்தான். காசு தேடுவார், அனுமதி வாங்குவார், எடுத்த காட்சி யாருக்குச் சொந்தம் என்று எழுதி வைப்பார். இந்தக் கடைசி விஷயத்தை நான் பட்டுத் தெரிந்துகொண்டேன். ஒப்பந்தத்தைப் படிக்காமல் கையெழுத்துப் போட்டதில், ஒரு வருடம் நான் எடுத்ததெல்லாம் இன்று யாரோ ஒருவரின் ஹார்ட் டிஸ்க்கில் தூங்குகிறது.

உங்கள் கடிதத்தைப் படித்ததும் அமெரிக்க ஆவணப்படக்காரர் ஆல்பர்ட் மேசல்ஸ் ஞாபகம் வந்தது. பாஸ்டன்காரர், உளவியல் சொல்லிக்கொடுத்தவர். 1955இல் சிபிஎஸ் தொலைக்காட்சியிடம் 16 எம்எம் கேமராவை இரவல் வாங்கிக்கொண்டு, சோவியத் மனநல மருத்துவமனைகளைப் படமெடுக்கப் போனார். 1960இல் ஜான் கென்னடியின் தேர்தல் பிரசாரத்தைப் பற்றி ராபர்ட் ட்ரூ தயாரித்த 'பிரைமரி' ஆவணப்படத்தில் ஒளிப்பதிவாளர்களில் ஒருவர். கேமராவைத் தலைக்கு மேல் தூக்கிக்கொண்டு, கூட்டத்துக்குள் கென்னடியின் பின்னாலேயே போகும் அந்த நீண்ட ஷாட் அவருடையது. ஒரு கேமராமேனுக்கு வேறென்ன வேண்டும்? ஆனால் இரண்டே வருடத்தில் தம்பி டேவிட்டோடு சேர்ந்து சொந்த நிறுவனம் தொடங்கிவிட்டார்.

ஏன் என்பதற்கு 'சேல்ஸ்மேன்' (1969) படத்தைப் பாருங்கள். நான்கு பேர் வீடு வீடாகப் போய் பைபிள் விற்கிறார்கள். ஒரு பிரதி 49.95 டாலர். வாங்கக் காசில்லாத வீடுகளின் சோபாவில் அவர்களோடு கேமராவும் உட்கார்ந்திருக்கிறது. பால் என்பவருக்கு வியாபாரம் படியவில்லை. அவர் முகம் கொஞ்சம் கொஞ்சமாகத் தொய்வதுதான் படமே. அடுத்தவர் தரும் நாலு நாள் பேட்டாவில் அதை எடுத்துவிட முடியுமா? ஒன்றுமே நடக்காத நாளுக்கும் யாராவது செலவு செய்ய வேண்டும். சகோதரர்கள் தங்கள் காசைப் போட்டார்கள். விளம்பரப் படமும் கம்பெனிப் படமும் எடுத்துச் சம்பாதித்த காசு. அதனால் கல்யாண ஆர்டரை இப்போதே விட்டுவிடாதீர்கள். படம் முடிந்தபோது வாங்க ஆளில்லை. நியூயார்க்கில் தியேட்டரையும் அவர்களே பிடித்து ஓட்டினார்கள். தயாரிப்பில் அதுவும் சேர்த்திதான், முக்கால்வாசிப் பேர் அதற்குள் களைத்துவிடுவார்கள்.

சரி, கேமரா என்ன ஆயிற்று? ஆல்பர்ட் அதைக் கீழே வைக்கவே இல்லை. 2014இல் வெளிவந்த 'ஐரிஸ்' படத்திலும் அவர் ஒளிப்பதிவு உண்டு. அடுத்த மார்ச்சில் 88 வயதில் இறந்தார்.

அவருக்கு அது முடிந்ததற்கு டேவிட் ஒரு பெரிய காரணம் என்பேன். மர்லின் மன்றோ படங்களில் தயாரிப்பு உதவியாளராக இருந்து தொழில் பழகியவர். அண்ணன் படம் பிடிக்க, இவர் பக்கத்தில் நின்று ஒலியைப் பதிவுசெய்வார். படப்பிடிப்புக் குழுவே அந்த இரண்டு பேர்தான்.

"நீயே தயாரித்துவிடு" என்றாரே உங்கள் நண்பர், மைக் பிடிக்க வருவாரா என்று கேட்டுப் பாருங்கள்.