இரண்டு பாடத்தை நம்பி இருக்கலாமா?

தங்கச்சி, பி.எச்.டி. முடித்த கையோடு செப்ரெம்பரில் பல்கலைக்கழகத்தில் இரண்டு பாடம் படிப்பிக்கக் கூப்பிட்டிருக்கிறார்கள், இதை நம்பி ரொறன்ரோவில் இருந்து பி.ஆர். (நிரந்தர வதிவிட உரிமை) எடுக்கலாமா, பிறகு நிரந்தரமாக்குவார்களா என்று கேட்டிருந்தீர்கள். நான் ஒன்பது வருடம் செஷனலாக, அதாவது தவணைக்குத் தவணை ஒப்பந்தத்தில், படிப்பித்தவன்.

பாடத்தை எடுங்கள். நிரந்தரமாக்குவார்கள் என்று மட்டும் காத்திருக்காதீர்கள். பேராசிரியர் இடத்துக்கு விளம்பரம் தனியாக வரும், அங்கே முதலில் பார்ப்பது ஆய்வுக் கட்டுரையை. மூன்று வளாகத்துக்கு பஸ்ஸில் ஓடுகிறவருக்கு அதை எழுத நேரம் ஏது?

பி.ஆர். கணக்கைக் கவனமாகப் பாருங்கள். கனடாவில் வேலை செய்தவர் பி.ஆர். கேட்கும் கனேடிய அனுபவப் பிரிவுக்கு மூன்று வருடத்துக்குள் 1,560 மணித்தியால வேலை காட்ட வேண்டும். பகுதிநேரமும் சேரும், முழுநேரமாகப் படிக்கும்போது ரி.ஏ. (உதவி ஆசிரியர்) ஆகச் செய்தது சேராது. இரண்டு பாடத்துக்கு ஒரு தவணையில் 300 மணித்தியாலம் என்று வைத்தாலும் ஐந்து தவணைக்கு மேல் வேண்டும். கோடையில் பாடம் கிடைப்பது அருமை. உங்கள் வேலை அனுமதியோ மூன்று வருடம்தான்.

அந்த 300ஐக் காட்டுவதும் லேசில்லை. ஒப்பந்தத்தில் பாடத்துக்கு இவ்வளவு காசு என்றிருக்கும், மணிக்கணக்கு இருக்காது. வகுப்பில் நிற்கும் மூன்று மணித்தியாலம் மட்டுமா வேலை? ஆயத்தம், திருத்தம், மாணவரைச் சந்திப்பது எல்லாம் வேலைதான். கிழமைக்கு எத்தனை மணித்தியாலம் என்று கையெழுத்து வைக்க முதலே கடிதமாகக் கேட்டு வாங்குங்கள். ஒப்பந்தம் முடிய வரும் ஆர்.ஓ.ஈ. என்ற வேலைப் பதிவுப் பத்திரத்திலும் அதே எண் இருக்கிறதா என்று பாருங்கள். குறைத்துப் போட்டால் ஈ.ஐ. (வேலையில்லாக் காலத்துக் காப்புறுதிப் பணம்) கிடைக்காமல் போகலாம்.

எனக்கு ஒரு ஜனவரியில், வகுப்புத் தொடங்க எட்டு நாள் இருக்க, பதிவு குறைவென்று பாடத்தை நிறுத்திவிட்டார்கள். மார்கழி விடுமுறை முழுக்க இருந்து ஆயத்தம் செய்த பாடம். வாடகைக்குத் தம்பியிடம் வாங்கினேன். ரத்துச் செய்தால் இழப்பீடு தர வேண்டும் என்று தொழிற்சங்க உடன்படிக்கையில் இருந்தது. ஆறு மாதம் கழித்துத்தான் தெரிந்தது, அதற்குள் முறையிடும் காலக்கெடு முடிந்துவிட்டது. இன்றைக்கும் அது மனதை அரிக்கிறது.

அதனால் முதல் கிழமையே சங்கத்தைத் தேடிப் போங்கள். ரொறன்ரோ பல்கலைக்கழகத்தில் கியூபி (CUPE) தொழிற்சங்கத்தின் 3902ஆம் கிளை, யோர்க் பல்கலைக்கழகத்தில் 3903ஆம் கிளை. யோர்க்கில் 2018 வேலைநிறுத்தம் 143 நாள் நீண்டது. ஒப்பந்த ஆசிரியரின் வேலைப் பாதுகாப்பும் அதில் ஒரு கோரிக்கை. வேலை அனுமதியில் இருப்பவரும் சங்கத்தில் சேரலாம், பயப்பட ஒன்றுமில்லை.

படிப்பித்துக்கொண்டே முழுநேர வேலைகளுக்கும் இந்தக் கிழமையே விண்ணப்பம் போடத் தொடங்குங்கள். கடிதம் கைக்கு வந்ததும் எழுதுங்கள், சேர்ந்து பார்ப்போம்.